சுனிலுக்கு ஏன் ஆனா கிடைக்கவில்லை?

ஐயா,

'கபி ஹான் கபி நா' இந்திப் படத்தை இப்போதுதான் பார்த்தேன். சுனிலை எல்லோரும் அப்பாவி என்கிறார்கள். தான் விரும்பும் ஆனாவையும் அவள் காதலன் கிறிஸையும் பிரிக்கப் பொய் சொல்கிறான், வீட்டில் போலி மதிப்பெண் பட்டியலை நீட்டுகிறான். இவனா அப்பாவி? ஆனாலும் எனக்கு அவனைப் பிடித்துத் தொலைக்கிறதே, ஏன்?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

அப்பாவி இல்லைதான். சரியான புளுகன்.

குந்தன் ஷாவின் இந்தப் படம் 1994 பிப்ரவரியில் வந்தது. இரண்டு மாதம் முன்புதான் 'டர்' வந்திருந்தது. சுனிலாக நடித்த ஷாருக் கான்தான் அதிலும், தன்னை விரும்பாத பெண்ணைத் துரத்தித் துரத்தி மிரட்டுகிறவர். சுனிலுக்கும் வியாதி அதுதான், அவள் மனதில் வேறொருவன் இருப்பது மண்டையில் ஏறுவதில்லை. கையில் கத்திக்குப் பதில் டிரம்பெட். (ஒரே ஃபிலிம்ஃபேர் விழாவில், 'பாஸிகர்' படத்தில் அவர் நடித்த கொலைகாரனுக்குச் சிறந்த நடிகர் விருதும் சுனிலுக்கு விமர்சகர்கள் விருதும் கொடுத்தார்கள். நல்ல கூத்து.)

ஆனால் சுனிலுக்கு வெட்கம் உண்டு. அந்த மதிப்பெண் பட்டியலையே எடுத்துக்கொள்ளுங்கள். பையன் தேறிவிட்டான் என்று வீட்டில் ஒரே சந்தோஷம். திட்டு விழுந்திருந்தால் வழக்கம்போலச் சமாளித்திருப்பான். அந்தச் சந்தோஷத்தைத்தான் அவனால் தாங்க முடியவில்லை. பிளஸ் ஒன் காலாண்டு ரேங்க் கார்டில் அப்பா கையெழுத்தை நானே போட்டவன். அப்பா அன்று எதுவும் கேட்காமல் பஜ்ஜி வாங்கி வந்தார். அந்தப் பஜ்ஜி தொண்டையில் இறங்கியதா என்று கேட்காதீர்கள்.

அப்புறம் கோவா தேவாலயத்தில் ஆனாவுக்கும் கிறிஸுக்கும் கல்யாணம். மோதிரம் காணாமல் போகிறது, ஆளாளுக்குக் குனிந்து தேடுகிறார்கள். அது சுனிலின் கண்ணில்தான் படுகிறது. இப்போது அவன் பொய்கூடச் சொல்ல வேண்டியதில்லை, பார்க்காததுபோல நின்றாலே போதும். எடுத்துக் கொடுத்துவிடுகிறான். உங்களுக்கு அவனைப் பிடித்துப்போனது இந்த இடத்தில்தான் என்று நினைக்கிறேன். ஆனாவை அவனுக்கே கட்டி வைத்திருந்தால், அத்தனை புளுகுக்கும் கூலி கொடுத்ததாக ஆகியிருக்கும். குந்தன் ஷா அதைச் செய்யவில்லை.

கடைசியில் தனியாக இருப்பவனிடம் ஜூஹி சாவ்லா வந்து பேசுவது மட்டும் எனக்கு ஆறுதல் பரிசாகத்தான் படுகிறது. அது இல்லாமலே படம் நின்றிருக்கும். ஆனால் முதல்முறை பார்த்தபோது அந்த இடத்தில் விசிலடித்தவன் நான்தான், அதையும் சொல்லிவிடுகிறேன்.