கமரா படிக்க ஆசைப்படும் மகனின் தாய்க்கு

அக்கா, போன கிழமை நீங்கள் கேட்டது மனதை விட்டுப் போகவில்லை: "கமராவத் தூக்கிக்கொண்டு திரிஞ்சா சோறு கிடைக்குமோ தம்பி?" கிடைக்கும். படம் இயக்கிச் சம்பாதிக்கத்தான் வருடக்கணக்காகும். அதுவரை கமராதான் சோறு போடும். இயக்குநராக வேண்டும் என்று நிற்கிற பிள்ளையை முதலில் ஒளிப்பதிவு படி என்று நான் சொல்வது அதனால்தான்.

மட்டக்களப்பு அமிர்தகழியில் பிறந்த பாலு மகேந்திரா புனே திரைப்படக் கல்லூரியில் படித்தது ஒளிப்பதிவு. மற்றவர்களின் படங்களுக்கு வேலை செய்துவிட்டு 1977இல் கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கினார். கே.வி. ஆனந்த் பத்திரிகைப் புகைப்படக்காரராகத் தொடங்கி, ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராமிடம் உதவியாளராக இருந்தவர். 1994இல் வந்த 'தேன்மாவின் கொம்பத்து' படத்தின் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது பெற்றார். ஆனாலும் அவர் இயக்கிய முதல் படம் 2005இல்தான் வந்தது. இந்தப் பதினொரு வருடத்தை மகனிடம் மறைக்காதீர்கள்.

அவன் போனில் காட்டிய காட்சி நினைவிருக்கிறதா? அம்மம்மா குசினியில் தேங்காய் துருவுகிறா. இரண்டு யன்னலில் ஒன்றைச் சாத்திவிட்டு எடுத்திருக்கிறான். வெளிச்சம் ஒரு பக்கத்தால் மட்டும் விழுந்து முகத்தின் சுருக்கம் எல்லாம் தெரிகிறது. யாரும் சொல்லிக்கொடுக்காமல் செய்திருக்கிறான். எனக்கு அப்போதே நம்பிக்கை வந்துவிட்டது.

சரி, இப்போது செய்ய வேண்டியது. உயர்தரப் (ஏ.எல்.) படிப்பை விடக் கூடாது. புனேயில் மூன்று வருட ஒளிப்பதிவுப் படிப்புக்கு ஏதாவது ஒரு பட்டம் வேண்டும். கமரா வாங்கக் காணியை ஈடு வைக்கவும் வேண்டாம். பரீட்சை முடிந்தபின், வெளிநாட்டுச் சொந்தங்கள் வந்திறங்கும் ஓகஸ்ட் மாதத்தில் கல்யாணவீடு, சாமத்தியவீடு எடுக்கிற ஒருவரிடம் உதவிக்கு விடுங்கள். மணவறையில் மஞ்சள் பல்பும் நீல எல்.ஈ.டி.யும் சேர்ந்து எரியும்போது முகத்தின் நிறத்தைக் காப்பாற்றுவது பெரிய பாடம். தாலி கட்டுவதை இன்னொருமுறை கட்டச் சொல்ல முடியாது. அந்தப் பதற்றமும் பழக வேண்டும்.

ஒன்றே ஒன்றுதான் எனக்குக் கவலை. அவனுக்கு எழுத்து வராது என்கிறீர்கள். வெளிச்சம் தெரிந்தவனுக்கு நடிகரிடம் பேசவும் கதை சொல்லவும் தானாக வந்துவிடாது, தனியாகப் பழக வேண்டும். அடுத்தமுறை வரும்போது, அந்த அம்மம்மா தேங்காய் துருவிக்கொண்டே யாரோடு என்ன கதைக்கிறா என்று இரண்டு பக்கம் எழுதிக்கொண்டு வரச் சொல்லுங்கள்.