அர்மி கூசெலாவும் 1952-ம்

போருக்குப் பிந்தைய பின்லாந்தின் அழகிப் போட்டிகள், சினிமா பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

கேள்வி: அக்கா, முதல் மிஸ் யுனிவர்ஸ் பின்லாந்துப் பெண்ணா? பெயர் 'ஆர்மி' என்கிறார்களே!

பதில்: ஆமாம். ஆனால் ராணுவம் இல்லை, அர்மி. அர்மி கூசெலா. முஹோஸ் என்ற ஊரில் பிறந்தவர். 1952 ஜூனில் கலிஃபோர்னியாவின் லாங் பீச்சில் 30 பேர் போட்டியிட, 17 வயதில் ஜெயித்தார். சென்னையில் பிறந்த நடனக் கலைஞர் இந்திராணி ரஹ்மான் அதே மேடையில் இந்தியாவுக்காக நின்றார்.

கேள்வி: ஒரு அழகிப் பட்டத்துக்கு நாடே கொண்டாடியது ஏன், மேடம்?

பதில்: அந்த வருடத்தைப் பாருங்கள். இரண்டாம் உலகப் போரில் தோற்ற பின்லாந்து சோவியத்துக்கு 30 கோடி டாலர் நஷ்ட ஈடு கட்ட வேண்டியிருந்தது. பணமாக இல்லை, கப்பல், இயந்திரம், கேபிள், காகிதம் என்று பொருளாக. கிழக்கு எல்லைப் பகுதியான கரேலியா சோவியத்திடம் கைவிட்டுப் போனதில் 4 லட்சம் பேர் வீடு வாசலை விட்டு வந்திருந்தார்கள். ஜூனில் கிரீடம், ஜூலையில் ஹெல்சிங்கி ஒலிம்பிக், செப்டம்பரில் ஈட்டுப் பொருளோடு எல்லை தாண்டிய கடைசி ரயில். அர்மி, ஒலிம்பிக், அந்த வருடம் அங்கே அறிமுகமான கோகோ கோலா, கடன் தீர்ந்தது: இன்றைக்கும் 1952 என்றால் பின்லாந்துக்காரர்கள் இந்த நான்கையும் சேர்த்துத்தான் சொல்வார்கள். இதை வெறும் அழகு மோகம் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை.

கேள்வி: அர்மி சினிமாவில் நடித்தாரா?

பதில்: 1953-ல் வந்த ஒரு பின்னிஷ் படத்தில் அர்மியாகவே வந்தார். படத்தின் பெயருக்கு 'உலகத்திலேயே அழகான பெண்' என்று அர்த்தம். ஆனால் நட்சத்திர வாழ்க்கையை அவர் தேடிப் போகவில்லை. உலகப் பயணத்தில் பிலிப்பைன்ஸ் போனபோது அந்நாட்டுத் தொழிலதிபர் விர்ஜிலியோ ஹிலாரியோவைச் சந்தித்தார். பதவிக்காலம் முடிவதற்குள் கிரீடத்தை விட்டுக்கொடுத்து, 1953 மே மாதம் டோக்கியோவில் அவரைக் கல்யாணம் செய்துகொண்டார். அப்போது வயது 18! அந்தத் துணிச்சலை நினைத்தால் எனக்கு இப்போதும் பிரமிப்புதான்.

கேள்வி: வேறு அழகிகள் நடிக்க வரவில்லையா?

பதில்: வந்தார்கள். 1934-ல் மிஸ் ஐரோப்பா ஆன எஸ்டர் டோய்வோனென், போருக்கு முன்பே நடிகை. 1958-ன் மிஸ் பின்லாந்து பிர்க்கோ மன்னோலா பாடவும் தெரிந்தவர். பாட்டுப் படங்களில் கலக்கினார். அப்புறம் டிவி வந்தது. 1953-ல் மிஸ் பின்லாந்து பட்டம் வாங்கிய தெய்யா சோபனென் டிவி அறிவிப்பாளர் ஆனார். 1954-ன் லெனிதா ஐரிஸ்தோவும் சின்னத்திரைக்கே போனார். சினிமாவோ தளர்ந்தது; பின்லாந்தின் பெரிய சினிமா ஸ்டுடியோவான சுவோமென் பில்மிதெயொல்லிசூஸ் 1965-ல் திவாலாகிவிட்டது.

கேள்வி: அர்மி பின்லாந்துக்கே திரும்பிவிட்டாரா?

பதில்: இல்லை. கல்யாணத்துக்குப் பிறகு பிலிப்பைன்ஸில் குடும்பம் நடத்தினார். 1975-ல் கணவர் இறந்தார். பிறகு மறுமணம் செய்துகொண்டு அமெரிக்காவின் சான் டியாகோவில் குடியேறினார்.