நால்வரின் நட்பை வாசகர் ஏன் நம்பவில்லை

வணக்கம். உங்கள் கதையில் சிறுவர் இல்லத்திலிருந்து தப்பும் நான்கு பிள்ளைகள் "இனி நாம்தான் குடும்பம்" என்று மூன்று இடங்களில் சொல்லியும் அந்தப் பாசத்தை வாசகர்கள் நம்பவில்லை என எழுதியிருந்தீர்கள். அந்த மூன்று வசனங்களையும் முதலில் நீக்கிவிடுங்கள். பெற்ற வீட்டிலேயே அடிபட்டு வளர்ந்த பிள்ளைகளின் வாயில் 'குடும்பம்' என்ற சொல் அவ்வளவு எளிதில் வராது.

எஸ். இ. ஹின்டன் 1967இல் வெளியிட்ட 'தி அவுட்சைடர்ஸ்' நாவலில், போனிபாயைக் காப்பாற்றுவதற்காக ஒருவனைக் கத்தியால் குத்திக் கொன்றுவிட்ட நண்பன் ஜானியும், தண்ணீரில் நனைந்து நடுங்கும் 14 வயதுப் போனிபாயும் நள்ளிரவில் தங்கள் கூட்டாளி டாலியைத் தேடி வருகிறார்கள். அவன் பெரிதாக ஆறுதல் எதுவும் பேசாமல், 50 டாலரையும் ஒரு துப்பாக்கியையும் கொடுத்து, ஒளிவதற்கு இடம் சொல்லி, தன் தோல் கோட்டையும் போனிபாய்க்குத் தந்து அனுப்புகிறான். ஏற்கெனவே போலீசிடம் சிக்கிச் சிறை கண்டவன் அவன் என்பதால்தான் அந்தக் கோட்டுக்கு அத்தனை கனம். போனிபாயின் அண்ணன் டேரி, பெற்றோர் விபத்தில் இறந்தபின் கல்லூரி ஆசையை விட்டுக் கூரை வேலைக்குப் போகிறான். தம்பிக்கு அவனுடைய கண்டிப்பு வெறும் கடுமையாகவே படுகிறது. இந்தத் தவறான புரிதல்தான் அந்நாவலில் எனக்கு மிகவும் பிடித்தது.

உங்கள் நால்வரில் செல்வத்துக்கு மட்டும் அடைக்கலம் தரும் அத்தை இருக்கிறார். பேருந்து நிலையக் காட்சியில் அவன் அந்த முகவரிச் சீட்டை யாருக்கும் காட்டாமல் கிழித்துப்போடட்டும். மற்ற மூவருக்கும் அது பல அத்தியாயங்கள் கழித்தே தெரியட்டும்.