கணினி கேள்வி–பதில்: ‘டிஎல்எல் கோப்பைக் காணோம்’

கேள்வி: செம்பனைக் குலை பழுத்துவிட்டதா என்று படத்தின் நிறத்தை வைத்துச் சொல்ல, ஓபன்சிவி என்ற படச்செயலாக்க நூலகத்தைக் கொண்டு சி++இல் நிரல் எழுதியிருக்கிறேன். என் மடிக்கணினியில் ஓடுகிறது. தோட்ட ஆபீஸ் கணினியில் ‘ஓபன்சிவி_வேர்ல்ட்480டி.டிஎல்எல் இல்லை’ என்று நின்றுவிடுகிறது. அந்தக் கோப்பை மட்டும் இணையத்தில் இறக்கி சிஸ்டம்32இல் போடச் சொல்கிறார்கள். போடலாமா, ஐயா?
– கல்லூரி மாணவர், சுங்கை சிப்புட்

பதில்: போடாதீர்கள், தம்பி. டிஎல்எல் என்பது நிரல் ஓடும்போது அழைத்துக்கொள்ளும் நூலகக் கோப்பு. டிஎல்எல்களை உதிரியாகத் தரும் தளங்களில் கிடைப்பது யார் கட்டிய கோப்பு, எந்தப் பதிப்பு, உள்ளே என்ன சேர்த்திருக்கிறார்கள் என்று நமக்குத் தெரியாது. ஆபீஸ் கணினியில் சம்பளக் கணக்கும் இருக்கும். அங்கே இந்த விளையாட்டே கூடாது.

பிழைச் செய்தியில் வரும் பெயரை நன்றாகப் பாருங்கள். 480 என்பது 4.8.0 பதிப்பு. அதற்குப் பின்னால் ஒட்டியிருக்கும் ‘டி’தான் உங்கள் சிக்கல். நிரலை டீபக் முறையில், அதாவது பிழை தேடுவதற்கான முறையில், கட்டியிருக்கிறீர்கள். அந்தக் கோப்பையே கொண்டுபோய் வைத்தாலும், அடுத்து விசிரன்டைம்140டி என்ற டீபக் கோப்பு இல்லை என்று வரும். அது நிரல் கட்டும் மென்பொருளான விஷுவல் ஸ்டூடியோ நிறுவிய கணினியில்தான் இருக்கும். மற்றவர்களுக்குப் பகிர்ந்துகொடுக்க மைக்ரோசாஃப்ட் அனுமதிப்பதும் இல்லை.

விஷுவல் ஸ்டூடியோவில் ரிலீஸ் (மற்றவருக்குக் கொடுக்கும் முறை), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் தேர்ந்தெடுங்கள். நூலகங்களை இணைக்கும் லிங்கரில் 480டி.லிப் என்று இருப்பதை 480.லிப் ஆக்கிவிட்டு, மறுபடி கட்டுங்கள். பிறகு ஓபன்சிவி கோப்புறையில் பில்ட், எக்ஸ்64, விசி16, பின் என்று உள்ளே போய், ‘டி’ இல்லாத ஓபன்சிவி_வேர்ல்ட்480.டிஎல்எல் கோப்பை உங்கள் இஎக்ஸ்இ இருக்கும் கோப்புறையிலேயே வையுங்கள். விண்டோஸ் முதலில் தேடுவது நிரல் இருக்கும் இடத்தில்தான். ஆபீஸ் கணினியில், சி++ நிரல் ஓடத் தேவையான விஷுவல் சி++ 2015–2022 ரீடிஸ்ட்ரிபியூட்டபிளின் எக்ஸ்64 பொதியை மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து நிறுவுங்கள்.

அதன்பிறகும் ‘சி000007பி’ என்று முடியும் பிழை எண் வந்தால், பெரும்பாலும் 32 பிட்டும் 64 பிட்டும் கலந்துவிட்டது என்று பொருள். இதில் பலரும் தடுமாறுவதற்குக் காரணம் உண்டு: 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்டம்32இல், 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64இல். பெயரை நம்பிப் போட்டால் தலைகீழாகிவிடும். எந்த டிஎல்எல் எதைக் கேட்கிறது என்று பார்க்க, விஷுவல் ஸ்டூடியோ கட்டளைத் திரையில் டம்ப்பின் கட்டளையை /டிபென்டன்ட்ஸ் என்ற சொல்லுடன் கொடுங்கள், பட்டியல் வந்துவிடும்.

வீடியோவையும் படிக்கிறீர்கள் என்றால், அதே கோப்புறையிலுள்ள ஓபன்சிவி_வீடியோஐஓ_எஃப்எஃப்எம்பெக்480_64.டிஎல்எல் கோப்பையும் சேர்த்து வையுங்கள். நிரல் ஓடும்போதுதான் அதைத் தேடும் என்பதால், இல்லாவிட்டாலும் தொடக்கத்தில் பிழை காட்டாது. எம்பி4 திறக்காமல் போகும். வீடியோ திறந்ததா என்று சொல்லும் இஸ்ஓபன்ட் திருப்பும் விடையைச் சோதிக்காதவர்கள் கேமராவைக் குறைசொல்லிக்கொண்டிருப்பார்கள்.

நிறத்தை நம்பிய நிரல் என்பதால் இன்னொன்று: படத்தைப் படிக்கும் ஐஎம்ரீட் நிறங்களை நீலம், பச்சை, சிவப்பு என்ற வரிசையில் தரும். சிவப்பு முதலில் வருவதாக நினைத்துக் கணக்கிட்டால் செம்மஞ்சள் குலை நீலமாகத் தெரியும், பழுத்த குலையும் காயென்றே கணக்கில் விழும்.

கேள்வி: ஆலை பம்ப்பின் அதிர்வை, அதிர்வெண்களாகப் பிரித்துக்காட்டும் எஃப்எஃப்டிடபிள்யூ நூலகத்தில் ஆராய்கிறேன். 1024 மாதிரிகளை முன்னோக்கி மாற்றி, திரும்பப் பின்னோக்கி மாற்றினால் எல்லா மதிப்பும் 1024 மடங்காக வருகிறது. சில நேரம் வெறும் பூஜ்ஜியம். நூலகக் கோப்பு கெட்டுவிட்டதா?
– ஆலை மின்பணியாளர்

பதில்: கோப்பு நன்றாகவே இருக்கிறது. எஃப்எஃப்டிடபிள்யூ மாதிரி எண்ணிக்கையால் வகுப்பதில்லை, அந்த வேலையை நமக்கு விட்டுவிடுகிறது. விடையை 1024ஆல் வகுங்கள். பூஜ்ஜியத்துக்குக் காரணம் வேறு: வேகமான வழியை அளந்து தேடும் மெஷர் முறையில் திட்டம் போடும்போது அது உங்கள் அணிகளிலேயே எழுதிப் பார்க்கிறது, உள்ளே இருந்த தரவு அழிந்துவிடும். முதலில் திட்டம், பிறகு தரவு. மெய்யெண் மாற்றத்தில் 1024 மாதிரிக்கு 513 கலப்பெண்கள்தான் வரும், அணியையும் அந்த அளவுக்கு ஒதுக்குங்கள்.

விண்டோஸில் எண்ணின் துல்லியத்துக்கு ஏற்ப மூன்று கோப்புகள் உண்டு: டபுளுக்கு லிப்எஃப்எஃப்டிடபிள்யூ3-3, ஃப்ளோட்டுக்கு 3எஃப்-3, லாங் டபுளுக்கு 3எல்-3. ஃப்ளோட் தரவை டபுள் நூலகத்துக்குக் கொடுத்தால் குப்பை எண்கள் வரும். ஃப்ளோட்டுக்கான செயற்கூறுகள் எஃப்எஃப்டிடபிள்யூஎஃப்_ என்று தொடங்கும். பெயரில் உள்ள அந்த ‘எஃப்’ஐ விடாமல் பாருங்கள்.

கேள்வி: உபுண்டு சர்வரில் பைத்தானில் சிவி2ஐ (ஓபன்சிவியை) இறக்குமதி செய்தால் லிப்ஜிஎல்.எஸ்ஓ.1 திறக்க முடியவில்லை என்கிறது.
– ஓர் ஆசிரியை

பதில்: அது திரையில் வரைவதற்கான கோப்பு. திரையே இல்லாத சர்வருக்கு ஓபன்சிவி-பைத்தான் பொதி வேண்டாம், அம்மா. அதை நீக்கிவிட்டு ஓபன்சிவி-பைத்தான்-ஹெட்லெஸ் பொதியைப் பிப் என்ற பைத்தான் நிறுவி வழியாக நிறுவுங்கள். இரண்டையும் சேர்த்து வைக்காதீர்கள். இரண்டும் ஒரே சிவி2 கோப்புறையில்தான் எழுதுகின்றன. படத்தைத் திரையில் காட்டும் ஐஎம்ஷோ இதில் வேலை செய்யாது, ஆகவே படத்தை ஐஎம்ரைட் கொண்டு கோப்பாக எழுதிப் பாருங்கள்.