பேராசிரியராக இருந்துகொண்டே அங்கதக் கதைகள் எழுதி விருதும் வாங்கிய இந்தியர் யார்? எதிலிருந்து படிக்கத் தொடங்கலாம்?

என் ஓட்டு இந்திரா பார்த்தசாரதிக்கு. வாசகர்களுக்கு இ.பா. 'இந்திரா' அவர் மனைவியின் பெயர்.

கும்பகோணத்தில் வளர்ந்தவர். பள்ளியில் தி. ஜானகிராமன் இவருக்கு வாத்தியார், அதற்கே பொறாமைப்படலாம். டில்லிப் பல்கலைக்கழகத்தில் வருடக்கணக்காகத் தமிழ் கற்பித்தார், எண்பதுகளில் போலந்தின் வார்ஸாவிலும். நாலாயிர திவ்வியப் பிரபந்தம் படித்தவர் பேச்சில் வரும் குசும்பு இவர் எழுத்தில் உண்டு.

டில்லி வாசம்தான் இவருக்குக் கிடைத்த மூலதனம் என்பேன். 'சுதந்திர பூமி'யில் முகுந்தன் என்ற படித்த இளைஞன் அரசியல்வாதி ஒருவர் வீட்டுக்குச் சமையல்காரனாகப் போகிறான். பட்டம் செய்யாததைக் காபி செய்கிறது. அடுக்களை வழியாகவே அதிகாரத்துக்குள் நுழைந்துவிடுகிறான். இ.பா. இதில் யாரையும் திட்டுவதில்லை. ஆட்களைப் பேசவிட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார், அவர்களே தங்களைக் காட்டிக்கொடுத்துக்கொள்கிறார்கள். அரசியல்வாதியை யார் வேண்டுமானாலும் கிண்டல் செய்யலாம். எல்லாம் தெரிந்தும் வாய்ப்பேச்சோடு நின்றுவிடுகிற படித்தவனை, அதாவது தன் வர்க்கத்தையே, இவர் விடாமல் குத்துகிறார். எனக்கு இவரைப் பிடிப்பது அதனால்தான்.

ஆனால் சாகித்திய அகாதெமி விருது (1977) வந்தது கிண்டலுக்கு இடமில்லாத 'குருதிப்புன'லுக்கு. 1968இல் கீழவெண்மணியில் கூலி உயர்வு கேட்ட விவசாயக் கூலிகளின் குடும்பங்களைச் சேர்ந்த 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டதைப் பின்னணியாகக் கொண்ட நாவல். பண்ணையாரின் கொடுமைக்கு அவருடைய ஆண்மைக் குறைவைக் காரணமாக்கிவிட்டார் என்று இடதுசாரிகள் கடுமையாக விமர்சித்தார்கள். அந்த விமர்சனத்தில் நியாயம் உண்டு என்றே நினைக்கிறேன். கூலிப் பிரச்சினையின் கனம் அங்கே குறைந்துபோகிறது. இதே பெயரில் வந்த கமல் படத்துக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, நிறைய பேர் குழப்பிக்கொள்கிறார்கள்.

அப்புறம் 'இராமாநுஜர்' நாடகத்துக்கு சரஸ்வதி சம்மான், 2010இல் பத்மஸ்ரீ. 'உச்சி வெயில்' குறுநாவல்தான் சேதுமாதவன் இயக்கத்தில் 'மறுபக்கம்' ஆகி, சிறந்த படத்துக்கான தேசிய விருதை முதன்முதலாகத் தமிழுக்குக் கொண்டுவந்தது.

சரி, எதில் தொடங்கலாம்? விருதுப் பட்டியலைப் பார்க்காதீர்கள். முதலில் 'சுதந்திர பூமி', பிறகு 'தந்திர பூமி'. தமிழ்நாட்டு அரசியலையும் இப்படி யாராவது கிழித்திருக்கிறார்களா என்று தோன்றினால் 'வேதபுரத்து வியாபாரிகள்' இருக்கிறது. 'குருதிப்புன'லைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.