நாற்பது லட்சம் கடனுக்குக் கடைசியில் எவ்வளவு கட்டப் போகிறீர்கள்?

கேள்வி: எனக்கு 34 வயது, கணவருக்கு 36. கோவையில் இருவருக்கும் தனியார் வேலை, சேர்ந்து கைக்கு வருவது மாதம் 90,000 ரூபாய். சரவணம்பட்டி பக்கம் ஒரு பழைய ஃப்ளாட்டை 50 லட்சத்துக்குப் பேசியிருக்கிறோம். வங்கிக் கடன் 40 லட்சம், வட்டி 8.5 சதவீதம். நாங்கள் 20 வருடம் கேட்டோம். "30 வருஷம் போட்டுக்கோங்க, இஎம்ஐ நாலாயிரம் குறையும், கையில் காசு நிற்கும்" என்கிறார்கள். இப்போது 16,000 வாடகை கொடுக்கிறோம். எதைத் தேர்ந்தெடுப்பது? இந்தக் கடன் மொத்தத்தில் எங்களுக்கு எவ்வளவு ஆகும்?

பதில்: உங்கள் இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்கிறேன். அது தெளிவாகிவிட்டால் முதல் கேள்விக்கு என்னைக் கேட்கவே வேண்டியிருக்காது.

40 லட்சத்துக்கு 8.5 சதவீத வட்டியில் 20 வருடம் என்றால் தவணை 34,713 ரூபாய். 240 மாதமும் கட்டி முடிக்கும்போது மொத்தம் 83.31 லட்சம் கொடுத்திருப்பீர்கள், வட்டி மட்டும் 43.31 லட்சம். வாங்கிய கடனைவிட வட்டி அதிகம். இதையே 30 வருடத்துக்குப் போட்டால் தவணை 30,757. வங்கியில் சொன்னது உண்மைதான், கிட்டத்தட்ட நாலாயிரம் குறைகிறது. ஆனால் 360 மாதத்தில் நீங்கள் கட்டுவது 1 கோடியே 10.72 லட்சம், அதில் வட்டி 70.72 லட்சம். மாதம் நாலாயிரம் மிச்சப்படுத்துவதற்காக 27 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள், இதை யாரும் கவுன்ட்டரில் உட்கார வைத்துச் சொல்வதில்லை. 15 வருடம் என்றால் தவணை 39,390 வரும், வட்டி 30.9 லட்சத்தோடு நின்றுவிடும்.

ஏன் இவ்வளவு வித்தியாசம்? முதல் மாதம் 40 லட்சத்துக்கு வட்டி 28,333 ரூபாய். 20 வருடக் கடனில் நீங்கள் கட்டும் 34,713-இல் வட்டி போக அசலுக்குப் போவது 6,380 மட்டும். 30 வருடக் கடனில் அதுவும் 2,424-ஆகக் குறைகிறது. அசல் குறையாததால் அடுத்த மாத வட்டியும் குறைவதில்லை, இப்படியே வருடக்கணக்கில் ஓடும். 20 வருடக் கடனிலேயே முதல் ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டி 20.8 லட்சம் கொடுத்த பிறகும் பாக்கி 35.25 லட்சம் நிற்கும். கடனில் பாதி அடைவதற்கு 13 வருடம் 10 மாதம் ஆகும், பத்து வருடத்தில் பாதி அடைந்திருக்கும் என்றுதான் பெரும்பாலானவர்கள் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். 30 வருடக் கடன் என்றால் பத்து வருடம் கழித்தும் 35.44 லட்சம் பாக்கி, அதற்குள் நீங்கள் 36.9 லட்சம் கொடுத்து முடித்திருப்பீர்கள்.

இன்னொரு கணக்கும் பாருங்கள். உங்கள் கணவருக்கு இப்போது 36. 58 வயதில் ஓய்வு என்று வைத்துக்கொண்டால், 30 வருடக் கடனில் அன்றைக்கு இன்னும் 21 லட்சத்துக்கு மேல் பாக்கி இருக்கும், பிஎஃப் பணத்தை எடுத்துத்தான் அடைக்க வேண்டி வரும். 20 வருடம் என்றால் அவருடைய 56 வயதில் கடன் முடிந்துவிடும்.

"இருபது வருடம் கழித்துக் கொடுக்கிற 34,713-க்கு இன்றைய மதிப்பு இருக்காதே, அதனால் நீண்ட கடன்தான் புத்திசாலித்தனம்" என்று சிலர் சொல்வார்கள். அதில் பாதி நியாயம் இருக்கிறது, விலைவாசி ஏற ஏற தவணையின் பாரம் குறையும், ஆகவே 83 லட்சம் என்பதை இன்றைய 83 லட்சமாக நினைத்துப் பயப்பட வேண்டாம். ஆனால் வங்கி கேட்கும் 8.5 சதவீதத்தில் அந்த விலைவாசி ஏற்றமும் ஏற்கெனவே சேர்ந்துதான் இருக்கிறது. கடனில் ஒரு ரூபாயை முன்கூட்டியே அடைத்தால் 8.5 சதவீதம் உறுதியாக மிச்சம், அதற்கு வரியும் கிடையாது. வரி போக இவ்வளவு தரும் வங்கி வைப்பு நிதி இன்று நமக்குக் கிடைக்காது. மிச்சப் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டு இதைவிட அதிகம் எடுக்கலாம் என்பவர்களுக்கு நான் கேட்பது ஒன்றுதான்: அந்த நாலாயிரத்தை முதல் 20 வருடமும் ஒரு மாதம் விடாமல் போடுவீர்களா? போடுகிற குடும்பங்கள் இருக்கின்றன, ஆனால் பெரும்பாலான வீடுகளில் அது மாதச் செலவோடு கரைந்துவிடும்.

வரிச்சலுகையைப் பற்றியும் சொல்லியிருப்பார்கள். உங்கள் விஷயத்தில் அதைக் கணக்கிலேயே சேர்க்காதீர்கள். நீங்கள் குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில் மட்டும்தான். இருவரும் சேர்ந்து மாதம் 90,000 என்றால், புதிய முறையில் 12 லட்சம் வரை வரியே வராத நிலையில் உங்கள் இருவருக்குமே கட்ட வேண்டிய வரி இருக்காது. இல்லாத வரியில் எதை மிச்சப்படுத்துவது?

அப்புறம் வட்டி. இந்த 8.5 சதவீதம் இருபது வருடமும் 8.5 ஆகவே இருக்கப் போவதில்லை. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ஒரு வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு (அது மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) இணைக்க வேண்டும். ரெப்போ 2022 மே மாதத்தில் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5-க்கு வந்தது, பிறகு 2025 பிப்ரவரியிலிருந்து இறங்கி ஜூனில் 5.5 ஆனது. அந்த ஏற்றத்தில் என்ன நடந்தது என்பது உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். 2021-இல் 7 சதவீதத்தில் 20 வருடத்துக்கு 40 லட்சம் வாங்கியவருக்குத் தவணை 31,012. ஒரு வருடம் கட்டிய பிறகு பாக்கி சுமார் 39.05 லட்சம். வட்டி இரண்டரை சதவீதம் முழுதாக ஏறி 9.5 ஆகிவிட்டால் அந்தப் பாக்கிக்கு மாத வட்டியே சுமார் 30,913 ரூபாய், தவணையில் அசலுக்கு மிஞ்சுவது நூறு ரூபாய்கூட இல்லை. தவணையை ஏற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால் அந்தக் கடன் முடிய அறுபது வருடம் ஆகும்! ஏற்றம் படிப்படியாக வந்தது என்றாலும், பலருக்கு இருபது வருடக் கடன் சத்தமில்லாமல் முப்பதைத் தாண்டிப் போனது இப்படித்தான்.

இதனால்தான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றிக்கொள்வதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும், தவணை மாத வட்டிக்கே போதாத நிலைக்குப் போகவும் கூடாது. ஆகவே வட்டி ஏறியதாகக் குறுஞ்செய்தி வந்தால் சும்மா இருந்துவிடாதீர்கள், "தவணையை ஏற்றுங்கள், காலம் மாறக் கூடாது" என்று எழுதிக் கொடுங்கள். வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தவணையையே கட்டுங்கள், காலம் தானாகச் சுருங்கும். ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் வட்டி, அதாவது ஸ்ப்ரெட், எவ்வளவு என்பதையும் கேட்டு வாங்குங்கள், ஏனென்றால் வட்டியில் பேரம் பேச முடிந்த இடம் அதுதான். அரை சதவீதம் கூடினால் இருபது வருடத்தில் உங்களுக்கு மூன்று லட்சம் கூடுதல். வங்கி இல்லாமல் வீட்டு வசதி நிதி நிறுவனத்தில் வாங்கினால் இந்த ரெப்போ இணைப்பு கட்டாயமில்லை, அவர்கள் தங்கள் சொந்த அளவுகோலை வைத்துக்கொள்ளலாம், அங்கே இன்னும் கவனம் தேவை.

கடனுக்கு வெளியே போகும் பணத்தையும் சேர்த்துப் பாருங்கள். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனில் வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் வங்கி தரலாம், அதனால்தான் உங்களுக்கு 40 லட்சம். மீதி 10 லட்சம் உங்கள் கையிலிருந்து. தமிழ்நாட்டில் பழைய வீட்டுக்கு முத்திரைத்தாள் 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம், 50 லட்சத்துக்குப் பதிவு செய்தால் 4.5 லட்சம். அதோடு வங்கியின் செயல்பாட்டுக் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் வைத்ததற்கான எம்ஓடி பதிவு என்று இன்னும் கொஞ்சம் போகும். ஆக 15 லட்சத்துக்கும் மேல் கையில் வேண்டும். இதற்கு நகையை அடகு வைப்பதாகவோ பர்சனல் லோன் போடுவதாகவோ இருந்தால், அந்த வட்டியும் இந்த வீட்டின் விலைதான். அப்படியொரு நிலை என்றால் ஒரு வருடம் பொறுத்துச் சேர்த்துவிட்டு வாங்குங்கள் என்பேன்.

கடன் காப்பீடு என்று ஒரு பாலிசியைக் கட்டாயம் போலச் சொல்லி, ஒரே பிரீமியமாகக் கடனோடு சேர்த்துவிடுவார்கள். அது கட்டாயமில்லை. 1.2 லட்சம் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால் இருபது வருடத்தில் அதற்கு நீங்கள் கொடுப்பது 2.5 லட்சம். காப்பீடு தேவைதான், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை, இருவருடைய சம்பளத்தையும் நம்பி நிற்கும் கடன் இது. ஆனால் இருவரும் தனித்தனியாக டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுங்கள், பிரீமியத்தை வருடா வருடம் கட்டுங்கள். வங்கியை மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

2024 அக்டோபர் முதல் கடன் தரும்போது முக்கிய விவர அறிக்கை ஒன்று தந்தாக வேண்டும், கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு வட்டி அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு அந்த எண்ணைப் பாருங்கள்.

வாடகை 16,000 வீணாகப் போகிறது என்று நீங்கள் நினைப்பது தெரிகிறது. முதல் மாதம் வட்டியாகப் போவது 28,333, அதற்கு மேல் பராமரிப்புக் கட்டணமும் சொத்து வரியும். ஆரம்ப வருடங்களில் சொந்த வீடு வாடகையைவிடச் செலவானது என்பதுதான் நிஜம். வாங்க வேண்டாம் என்று சொல்லவில்லை. வாடகை ஏறிக்கொண்டே போகும், கடன் ஒரு நாள் முடியும். ஆனால் அந்த நாள் சீக்கிரம் வந்தால்தான் இந்தக் கணக்கு உங்கள் பக்கம் திரும்பும்.

சரி, முடிவுக்கு வருகிறேன். 20 வருடமே எடுங்கள். 90,000 வருமானத்தில் 34,713 என்பது 40 சதவீதத்துக்குள் இருக்கிறது, 16,000 வாடகையும் நின்றுவிடும், சமாளிக்கலாம். கடன் தொடங்கும் முன் ஆறு மாதத் தவணைக்கான பணத்தைத் தனியாக வைத்துவிடுங்கள், ஒருவர் வேலை போனாலும் தூக்கம் கெடாது. வேலை நிலையில்லாதவர்களுக்கு மட்டும் நான் வேறு மாதிரி சொல்வதுண்டு: 30 வருடம் போட்டுக்கொண்டு 20 வருடத் தவணையைக் கட்டுங்கள் என்று. செலவு ஒன்றுதான், சிரமமான மாதத்தில் இறக்கிக்கொள்ளவும் முடியும். ஆனால் அதற்கு நல்ல கட்டுப்பாடு வேண்டும்.

அதன் பிறகு, சம்பளம் ஏறும் ஒவ்வொரு வருடமும் தவணையை 5 சதவீதம் ஏற்றுங்கள். இரண்டாம் வருடம் ஏறுவது மாதம் 1,736 ரூபாய்தான். இப்படியே போனால் 20 வருடக் கடன் 12 வருடம் சில மாதங்களில் முடியும், வட்டியில் 15 லட்சத்துக்கு மேல் மிச்சம். அது முடியாத வருடத்தில் போனஸிலிருந்து ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள், வருடம் ஒன்று கட்டி வந்தாலே மூன்று வருடத்துக்கு மேல் குறைந்து, சுமார் 8 லட்சம் மிஞ்சும். இப்படி முன்கூட்டிக் கட்டுவதை ஆரம்ப வருடங்களில் செய்வதுதான் லாபம். முதல் வருட முடிவில் கட்டும் ஒரு லட்சம் கடைசியில் கிட்டத்தட்ட 14 தவணைகளை நீக்கும், அதே ஒரு லட்சத்தைப் பத்தாவது வருட முடிவில் கட்டினால் ஆறரைதான். தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டும் கட்டணம் வாங்கக் கூடாது, அவர்கள் கேட்டால் எழுத்தில் தரச் சொல்லுங்கள். கட்டும் ஒவ்வொரு முறையும் "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று மின்னஞ்சலில் எழுதிவிட்டு, புதிய அட்டவணையை வாங்கிப் பாருங்கள்.

கடன் முடிந்த பிறகு இரண்டு வேலை பாக்கி இருக்கும். அசல் பத்திரங்களை 30 நாளுக்குள் வங்கி திருப்பித் தர வேண்டும், அவர்கள் பக்கம் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும், 2023 டிசம்பரிலிருந்து இதுதான் விதி. அதோடு சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்ஓடி-யை ரத்து செய்யும் ரசீதையும் பதிவு செய்துவிடுங்கள், இல்லையென்றால் ஒரு ரூபாய் பாக்கி இல்லாவிட்டாலும் வில்லங்கச் சான்றில் அந்த அடமானம் அப்படியே காட்டிக்கொண்டிருக்கும், பின்னால் விற்கப் போகும்போது அலைச்சல்.