கோபா என்றால் வீடு

வணக்கம். ஒரு மிகைபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். கடலும் ஆறும் கலக்கும் சதுப்புக்காட்டில் படகிலேயே வாழும் மக்கள், கைக்கு 6 விரல். அவர்களுக்கு ஒரு மொழி உண்டாக்கி 300 சொற்களுக்கு அகராதியும் போட்டுவிட்டேன். "மெக் துன் கோபாக்கு லரிகேன்" என்றால் "நான் உன் வீட்டுக்கு வருகிறேன்". ராணி பெயர் டபாரா, தலைநகர் நெவுரம். படித்த நண்பர்கள், "தமிழுக்கு மாறுவேஷம் போட்ட மாதிரி இருக்கு" என்கிறார்கள். இன்னும் சொற்களைக் கூட்ட வேண்டுமா?
ர., பெரம்பூர்

அன்புள்ள ர.,

கூட்டாதீர்கள், பாதியைக் குறையுங்கள். உங்கள் வாக்கியத்தைப் பிரித்தால் நான், உன், வீடு, கு, வரு, கிறேன் எல்லாம் அதே வரிசையில் வந்து நிற்கின்றன. "க்கு"வைக் கழற்றக்கூட மறந்திருக்கிறீர்கள். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் ஒவ்வொரு எழுத்துக்கும் முன்னால் "க" போட்டு "கநீ கவா" என்பார்களே, அதைவிடக் கொஞ்சம் கடினம், அவ்வளவுதான்.

அகராதியிலிருந்து தொடங்கியதால் வந்த வினை இது. முதலில் அந்த மக்கள் எதை எதிலிருந்து பிரித்துப் பார்க்கிறார்கள் என்று எழுதுங்கள். நம் மீனவர்களுக்குக் "காற்று" என்ற ஒரு சொல் போதவில்லை. வாடை, கொண்டல், கச்சான் என்று திசைக்கொரு பெயர் வைத்திருக்கிறார்கள். சதுப்பில் படகு தள்ளுகிறவர்களுக்கு வெறும் "வா", "போ" எதற்கு? ஓதத்தோடு, அதாவது கடல்நீர் ஏறி இறங்கும் ஓட்டத்தோடு போவது ஒரு வினை, ஓதத்தை எதிர்த்துப் போவது வேறு வினை. வீடும் வேண்டாம், படகு கட்டும் முளைதான் அவர்களுடைய முகவரி. "டிக்" என்றால் ஓதத்தை எதிர்த்துப் போ, "ஓ" என்றால் நான், "ரேப்" முளை, "சா" உன். வினையை முன்னால் வையுங்கள்: "டிக்கோ ரேப் சா." இனி இதற்குத் தமிழில் ஒரே சொல்லால் ஈடு கொடுக்க முடியாது. ஓதம் எதிர்க்கும்போதும் ஒருவன் வருகிறான் என்றால் அவனுக்கு என்ன அவசரம் என்று வாசகரே யோசிப்பார்.

"டிகோ" என்று ஏன் எழுதவில்லை? இரண்டு உயிருக்கு நடுவே ஒற்றைக் ககரம் வந்தால் நம் வாய் தானாகவே மெலிந்து ஒலிக்கும். வல்லொலி வேண்டுமென்றால் இரட்டித்தே ஆகவேண்டும். தமிழ் எழுத்தில் மொழி படைக்கிறவர்கள் அதிகம் வழுக்கி விழும் இடம் இது. ஆங்கில எழுத்தில் யோசித்துவிட்டு அப்படியே தமிழில் இறக்கினால், நீங்கள் நினைத்த ஒலி ஒன்று, வாசகர் படிப்பது ஒன்று.

அன்னியத்தன்மைக்கு ஸ், ஷ், க்ஷ பக்கம் போகாதீர்கள். உடனே புராணப் பாத்திரம் போல் ஆகிவிடும். தொல்காப்பியம் சொல்லுக்கு முதலில் வராது என்று ஒதுக்கிய எழுத்துகளில் ட, ர, ல மூன்றும் கைக்கு அடக்கமானவை. டீயும் ரயிலும் லட்டும் பழகிவிட்டதால் அவை மட்டும் போதாது. ஆகவே சொல்லின் கடைசியில் வல்லின மெய்யை நிறுத்துங்கள்: ரேப், டிக். பேங்க் என்பதைப் பேங்கு ஆக்கினால்தான் நிம்மதியடையும் நமக்கு அந்த முடிவு உறுத்திக்கொண்டே இருக்கும். ஙகரத்தை மட்டும் தொடவேண்டாம். நமக்கு அதில் ஏற்கெனவே "ஙே" என்று விழிக்கிற ஒருவர் இருக்கிறார்.

இன்னொரு சிக்கலையும் உங்கள் கடிதத்திலேயே பார்க்கிறேன். கதையைத் தமிழில் சொல்லும்போது இந்தப் பெயர்கள் எல்லாம் வேற்றுமை உருபு ஏற்கும். நெவுரம் மகரத்தில் முடிகிறது. "நெவுரத்தில்" என்று எழுதினால் விழுப்புரத்துக்கு அடுத்த பஸ் ஸ்டாண்டு மாதிரி இருக்கும், "நெவுரமில்" என்றால் பிழை மாதிரி இருக்கும். உகரத்தில் முடியும் பெயரிலும் இதே இழுபறிதான். ல், ர், ய் முடிவுகள் தொல்லை தராதவை: நெவுர், நெவுரை, நெவுரில். ஒவ்வொரு பெயரையும் ஐ, கு, இல் மூன்றோடும் சேர்த்து உரக்கச் சொல்லிப் பார்த்த பிறகே முடிவு செய்யுங்கள்.

6 விரல் வைத்துவிட்டு அவர்களைப் பத்துப் பத்தாக எண்ணவைப்பது நியாயமில்லை. "அவதார்" படத்தில் நாவி மொழி பேசுகிறவர்களுக்குக் கைக்கு 4 விரல், அவர்கள் எண்ணுவது எட்டெட்டாக. உங்களவர்களுக்குப் பன்னிரண்டு. அவர்களுடைய "நூறு" நமக்கு 144. எழுபது வயதுக் கிழவி "ஐந்து பன்னிரண்டும் பத்தும்" என்பாள். "நூறு வீரர்கள்" என்று எங்காவது எழுதியிருந்தால் தேடித் திருத்துங்கள்.

பேசுகிறவர்களின் தரத்தைக் காட்ட மரியாதை விகுதிதான் வேண்டுமென்பதில்லை. பழந்தமிழில் கேட்கிறவன் தாழ்ந்தவன் என்றால் "ஈ", ஒத்தவன் என்றால் "தா", உயர்ந்தவன் என்றால் "கொடு" என்று தொல்காப்பியம் பிரித்துச் சொல்கிறது. வினையையே மாற்றிவிடும் இந்த வழி ராணியின் சபைக்கு நன்றாகப் பொருந்தும். ராணியிடம் "கொடு" என்கிற ஒருவன் போதும், ஓர் அத்தியாயம் ஓடும்.

வட்டார வழக்குக்குத் தனி அகராதி எழுத வேண்டாம். வாழைப்பழம் சென்னையில் வாயப்பயம், தெற்கே வாளப்பளம். ஒரே ஒலிமாற்றம் எல்லாச் சொல்லிலும் ஒழுங்காக ஓடுகிறது. உங்கள் மேற்குக் கரையில் சொல்முதல் டகரம் ரகரமாகட்டும். டிக்கோ, ரிக்கோ ஆகிவிடும். விதியை ஒரு சொல்லுக்குக்கூடத் தளர்த்தாதீர்கள். ஒற்றன் ஒருவன் அந்த முதலெழுத்திலேயே மாட்டிக்கொள்ளலாம்.

அளவு கேட்டீர்கள். "பாகுபலி" படத்தில் வரும் கிலிக்கி மொழிக்கு 750 சொற்கள், 40 இலக்கண விதிகள் என்று சொல்லப்பட்டது. அது திரையில் வாய்விட்டுப் பேச உண்டாக்கிய மொழி. நாவலில் வாசகர் பார்க்கப்போவது இருபது முப்பது வாக்கியம்தான். 150 வேர்ச்சொல் தாராளம். பொருள் சொல்லாமல் தொடர்ந்து இரண்டு வரிக்கு மேல் விடாதீர்கள், தாவிப் படித்துவிடுவார்கள்.

ராணியின் பெயரை மட்டும் இன்றைக்கே மாற்றிவிடுங்கள். இந்த ஊரில் காபி குடித்த எவருக்கும் டபாரா என்றதும் பக்கத்தில் தம்ளரைத் தேடத் தோன்றும்.